கடப்பா மேடைக்கு எண்ணெயா, லேக்கரா, சீலரா?

எங்க வீட்டு சமையல் மேடை கடப்பா கல்லு, சிங்க் பக்கம் மட்டும் வெளிர் கலர் கிரானைட், அதனால மூணையும் போட்டு பாத்தாச்சு.

முதல்ல தேங்காண்ணெய், அம்மாவோட வைத்தியம். துணியில தொட்டு தேய்ச்சா கடப்பா கருகருன்னு புதுசு மாதிரி ஆயிடும், காசும் செலவில்ல. ஆனா நாலு நாள்ல பிசுபிசுப்பு, மாவு சிந்தினா அப்படியே ஒட்டிக்கும், அப்புறம் ஒரு சிக்கு வாடை வேற. பாக்க அழகு, அவ்ளோதான்.

லேக்கர் அடிச்சது பெயிண்டர் ஒருத்தர் பேச்சைக் கேட்டு. ஒரு வாரம் கண்ணாடி மாதிரி இருந்துச்சு, பொய் சொல்லக்கூடாது. அப்புறம் குக்கர் இறக்கி வச்ச இடத்துல வட்டமா வெள்ளை பூத்துச்சு, கத்தி பட்ட கீறல்ல நகத்தை விட்டு நோண்டினா பாம்பு சட்டை மாதிரி உரிஞ்சு வருது. மேல ஒட்டிக்கிட்டு இருக்கற படலம் தானே, சூட்டுக்கும் அடியில மாட்டற ஈரத்துக்கும் எவ்ளோ நாள் தாங்கும்? தின்னர் போட்டு எடுக்கறதுக்குள்ள தோள்பட்டை போச்சு. கை படாத ஷோ சுவருக்கு வேணா அடிங்க.

கல்லுக்குள்ள இறங்கற சீலர், சிலேன் சிலாக்ஸேன்ங்கற ரசாயனம் கலந்த வகை, பளபளப்பே தராது, போட்ட மாதிரியே தெரியாது. ஆனா சிங்க் பக்க கிரானைட்ல மஞ்சத்தூள் கறை முன்ன மாதிரி உடனே இறங்கறதில்ல, துடைக்க டைம் கிடைக்குது. ஒரு நாள் கல்லை நல்லா காய விட்டு தடவணும், டப்பால போட்டிருக்கற நிமிஷத்துக்குள்ள மிச்சத்தை துடைச்சிடணும், நான் போன் பேசிட்டு விட்டுட்டேன், மங்கலா புகை மாதிரி படிஞ்சிடுச்சு, அதே சீலரை திரும்ப கொஞ்சம் தடவி ஊற விட்டு துடைச்சப்புறம் தான் போச்சு. வாங்கறதுக்கு முன்னாடி கல்லு மேல ஒரு ஸ்பூன் தண்ணி விட்டு கால் மணி நேரம் பாருங்க, அந்த இடம் கருத்தா சீலர் வேணும். நல்ல கருப்பு கிரானைட் பெரும்பாலும் தண்ணியே குடிக்காது, அதுக்கு சீலர் வீண் செலவு.

ஆனா கடப்பாவுக்கு சீலர் போட்டும் ஒரு ராத்திரி எலுமிச்சை மூடியை கவுத்து வச்சு மறந்துட்டேன், காலையில வட்டமா வெளுத்து கிடக்கு. கடப்பா சுண்ணாம்புக்கல், புளி, எலுமிச்சை, பாத்ரூம் ஆசிட் எது பட்டாலும் கல்லையே அரிக்கும், அது கறையே இல்ல, எந்த சீலரும் அதை தடுக்காது. மார்பிளுக்கும் இதே கதை தான், கிரானைட்டுக்கு எலுமிச்சையால ஒண்ணும் ஆகாது.

என் ஓட்டு சீலருக்கு தான். அந்த வெள்ளை வட்டத்து மேல மட்டும் அம்மா இன்னும் தேங்காண்ணெய் தேய்க்கறாங்க, ரெண்டு நாளைக்கு மறைஞ்சிடுது.