ஊட்டிக்கு எந்த வழி ஏறுவது, எந்த வழி இறங்குவது?

மேட்டுப்பாளையத்தில் பவானி ஆற்றுப் பாலத்தைத் தாண்டியதும் சாலை இரண்டாகப் பிரியும். நேரே போனால் கல்லாறு, பர்லியார், குன்னூர் வழியாக ஊட்டி. வலப்பக்கம் திரும்பினால் குஞ்சப்பனை, அரவேணு, கோத்தகிரி வழியாக அதே ஊட்டி. முதலாவது தேசிய நெடுஞ்சாலை 181. பழைய ஆட்களுக்கு இன்னமும் அது 67தான். இரண்டாவது மாநில நெடுஞ்சாலை 15. ஈரோட்டில் புறப்பட்டு கோபி, சத்தி, சிறுமுகை என்று சமவெளியில் வந்து, மேட்டுப்பாளையத்தில் மலையேறி, கோத்தகிரியைத் தொட்டு ஊட்டியில் போய் முடிகிறது.

மேட்டுப்பாளையத்துக்காரனாய்ப் பிறந்தால் ஏப்ரல் மாதம் வந்ததும் போன் அடிக்க ஆரம்பித்துவிடும். "குன்னூர் வழி போகலாமா, கோத்தகிரி வழி போகலாமா?" சொந்தக்காரர்கள் எல்லோரும் கேட்கிற கேள்வி இது ஒன்றுதான். நான் திருப்பிக் கேட்பது மூன்று: எந்த மாசம்? வண்டி யார் ஓட்டுறாங்க? திரும்பி எந்த நேரத்துல இறங்குறீங்க? மூன்றாவது கேள்வியை யாரும் எதிர்பார்ப்பதில்லை. மலை ஏறுவதைப் பற்றித்தான் எல்லோருக்கும் யோசனை. வண்டியின் இன்ஜின் நன்றாக இருந்தால் யார் வேண்டுமானாலும் ஏறிவிடலாம். இறங்குவதுதான் பாடு.

முதலில் தூரக் கணக்கை முடித்துவிடுவோம். மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வழியாக ஊட்டி 50 கி.மீ. சொச்சம். கோத்தகிரி வழியில் அதைவிட 10, 12 கி.மீ. கூடுதல். ஆளில்லாத செவ்வாய்க்கிழமை காலையில் குன்னூர் வழிதான் சீக்கிரம், அதில் சந்தேகமில்லை. ஞாயிற்றுக்கிழமையில் இந்தக் கணக்கு செல்லாது. குன்னூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்து ரயில்வே கேட் ஒரு முறை மூடினால் போதும், நீங்கள் மிச்சம்பிடித்த கிலோமீட்டர் எல்லாம் அங்கேயே கரைந்துபோகும்.

மூத்தது எது?

தேசிய நெடுஞ்சாலை என்றால் பெரிய சாலை, பழைய சாலை. மாநில நெடுஞ்சாலை என்றால் பிறகு வந்த கிளைச் சாலை என்று பலர் நினைக்கிறார்கள். இங்கே நடந்தது நேர் எதிர்.

1818-ல் கோயம்புத்தூர் கலெக்டரின் உதவியாளர்கள் விஷ், கிண்டர்ஸ்லி என்ற இருவர் டணாயக்கன் கோட்டைப் பக்கமிருந்து மலையேறினார்கள். மறு வருடம் கலெக்டர் ஜான் சல்லிவனே ஏறினார். அவர் போய் நின்ற இடம் ஊட்டி அல்ல, கோத்தகிரிக்குப் பக்கத்தில் திம்பட்டிப் பள்ளத்தாக்கு. கண்ணேரிமுக்கில் அவர் இருந்த பங்களா இன்றைக்கும் அருங்காட்சியகமாக நிற்கிறது. அங்கே போகிறவர்கள் எல்லோரும் "நீலகிரியைக் கண்டுபிடித்தவர்" என்று சொல்லிக்கொண்டே வெளியே வருவார்கள். எனக்கு அது ஒப்பாது. கோத்தர்களும் படுகர்களும் தோடர்களும் இருளர்களும் குறும்பர்களும் வாழ்ந்துகொண்டிருந்த மலையை ஒருவர் 1819-ல் எப்படிக் கண்டுபிடிப்பார்? கோத்தகிரி என்ற பெயரே கோத்தர்களிடமிருந்து வந்தது. சல்லிவன் செய்தது சாலை போட்டது. அது பெரிய காரியம்தான், அதற்கு மேல் ஏற்றிச் சொல்ல வேண்டியதில்லை.

அந்த முதல் பாதை சிறுமுகையில் தொடங்கி திம்பட்டி வரை போனது. லெப்டினன்ட் மெக்ஃபர்சன் என்பவர் மேற்பார்வையில், சிறைக்கைதிகளையும் வைத்து வேலை வாங்கி, 1823-ல் முடித்தார்கள். ஆக, சமவெளியிலிருந்து நீலகிரிக்கு ஏறிய முதல் சாலை, இன்று நாம் 'எஸ்.எச். 15' என்று சாதாரணமாகச் சொல்கிற இந்தக் கோத்தகிரிப் பக்கம்தான். விஷ்ஷும் கிண்டர்ஸ்லியும் புறப்பட்ட டணாயக்கன் கோட்டை பவானிசாகர் அணைக்குள் மூழ்கிப்போனது. கோடையில் நீர்மட்டம் நன்றாக இறங்கினால் அங்கிருந்த மாதவராயப் பெருமாள் கோயில் தண்ணீரிலிருந்து தலைகாட்டும். அந்த இருவர் மலையேறிய வழியின் தொடக்கம் தண்ணிக்கடியில் கிடக்கிறது என்பது சத்தி பக்கத்துக்காரர்களுக்கே பாதிப் பேருக்குத் தெரியாது.

மூத்த பாதை பின்னுக்குப் போனது ஊட்டியால். சல்லிவனே கோத்தகிரியை விட்டு ஊட்டிக்கு மாறி அங்கே கல் பங்களா கட்டினார். இப்போது அரசு கலைக் கல்லூரி வளாகத்தில் இருக்கிறதே, அதுதான். மலைக்குத் தலையூர் ஊட்டி என்று ஆனதும் அதற்குக் குறுக்கு வழி தேவைப்பட்டது. லஷிங்டன் சென்னை கவர்னராக இருந்தபோது குன்னூர் வழியாகப் புதுப் பாதை வெட்டி 1832-ல் முடித்தார்கள். அன்றிலிருந்து கோத்தகிரி வழி இரண்டாவது வழி.

பிறகு மாட்டு வண்டிகளும் குதிரை வண்டிகளும் பெருகின. 1873-ல் மேட்டுப்பாளையத்துக்கு ரயில் வந்தது. அந்தப் பத்தாண்டில் இரண்டு மலைப்பாதைகளையுமே புதுத் தடத்தில் திருப்பிப் போட்டார்கள். நாம் இன்று ஏறுவது பெரும்பாலும் அந்தத் தடங்களில்தான். குன்னூர்ப் பாதையைப் போட்ட கர்னல் லா என்பவர் பெயரை அந்த வழியில் ஓர் அருவி இன்னும் சுமந்துகொண்டிருக்கிறது. 1899-ல் பல்சக்கர ரயில் குன்னூர் ஏறியது, 1908-ல் ஊட்டியையும் எட்டியது. அதோடு வழக்கு முடிந்தது. வெலிங்டன் ராணுவக் குடியிருப்பு முன்பே அந்தப் பக்கம்தான் இருந்தது, அருவங்காடு வெடிமருந்துத் தொழிற்சாலையும் அங்கேயே அமைந்தது. ரயில் போன பக்கம் ஊர் பெருத்தது. போகாத பக்கம் தேயிலைத் தோட்டமாகவே நின்றது.

இன்றைக்குக் கோத்தகிரிச் சாலையில் போகிறவர்கள் "அமைதியா இருக்குது" என்று மெச்சுகிற அமைதி, அன்றைக்கு அது தோற்றதால் மிஞ்சியது.

வளைவு, கியர், பிரேக்

குன்னூர் வழியில் கல்லாறு வரை பாக்குத் தோப்பு. இருபுறமும் நெடுநெடுவென்று மரம், நல்ல வெயிலிலும் சாலை ஈரமாக இருக்கிற மாதிரி குளிர்ச்சி. அது முடிந்ததும் சட்டென்று ஏற்றம். குன்னூர் போவதற்குள் 14 கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொன்றிலும் எண் போட்ட பலகை இருக்கும். பின் ஸீட்டுப் பிள்ளைகள் எண்ணிக்கொண்டே வருவார்கள், ஏழாவது எட்டாவதில் யாராவது ஒருவர் பாலித்தீன் பை கேட்பார்கள். அதனால் எங்கள் அத்தை கையில் எலுமிச்சம்பழம் இல்லாமல் வண்டி ஏற மாட்டார்.

கோத்தகிரி வழியில் அப்படித் திருப்பிப்போடுகிற கொண்டை ஊசிகள் குறைவு. ஏற்றம் கொஞ்சம் கொஞ்சமாக, மலையின் இடுப்பைச் சுற்றிச் சுற்றிப் போகும். அதற்காக நேர்ச்சாலை என்று நினைத்துவிடாதீர்கள். வளைவு விடாமல் வந்துகொண்டே இருக்கும், எதிரே வருகிற பஸ் கடைசி நொடியில்தான் தெரியும். குஞ்சப்பனை தாண்டி அரவேணு நெருங்கும்போது காற்று மாறும். ஜன்னலை இறக்கினால் தேயிலை வாட்டுகிற வாசம் வரும். அந்த இடத்தில் ஏ.சி.யை அணைக்காமல் போகிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பாவமாக இருக்கும்.

சரி, இறக்கத்துக்கு வருவோம். நாலைந்து வருடம் முன்பு ஈரோட்டுச் சித்தப்பா குடும்பத்தோடு ஊட்டி போய்விட்டு ஞாயிறு சாயங்காலம் குன்னூர் வழியாக இறங்கினோம். சித்தப்பா பைபாஸில் புலி. மலையிலும் அதே பழக்கம்: நாலாவது கியர், கால் பிரேக்கிலேயே. மரப்பாலம் தாண்டியபோது ரப்பர் கருகுகிற மாதிரி ஒரு வாடை. பர்லியார் பழக்கடை ஓரமாக வண்டியை ஒதுக்கினால் முன் சக்கரம் இரண்டிலும் புகை. சித்தப்பா தண்ணீர் பாட்டிலோடு ஓடினார். மங்குஸ்தான் அடுக்கிக்கொண்டிருந்த கடைக்கார அம்மா நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "தண்ணி ஊத்தாதீங்க சாமி, டிஸ்க் நெளிஞ்சு போயிரும். அரை மணி நேரம் அப்படியே ஆறட்டும்ங்க. பிரேக்குலயே வந்தீங்களாக்கும்?" தினமும் எத்தனை வண்டியைப் பார்க்கிறாரோ. அந்த அரை மணி நேரத்தில் எங்களிடம் இரண்டு கிலோ பழமும் விற்றுவிட்டார்.

ஏறும்போது எந்த கியரில் ஏறினோமோ அதே கியரில்தான் இறங்க வேண்டும். மலைக்காரர்களுக்கு இது பாலபாடம். இரண்டாவது கியரில் வண்டி தானாக முனகிக்கொண்டே இறங்கும், பிரேக்கைத் தொட்டுத் தொட்டு விட்டால் போதும். ஏறுகிற வண்டிக்கு நின்று வழிவிட வேண்டும். சமவெளியில் ஓட்டிப் பழகியவர்களுக்கு இரண்டுமே வராது. அந்தப் பழக்கமில்லாதவரைச் செங்குத்தான 14 கொண்டை ஊசியில் இறக்குவதா, நீளமாகச் சுற்றி இறங்குகிற கோத்தகிரிச் சாலையில் இறக்குவதா என்றால், இரண்டாவதுதான். தூரம் கூடினாலும் சரிவு பரந்துவிடுகிறது.

மாவட்ட நிர்வாகமும் இதே வழியைத்தான் பிடித்திருக்கிறது. கோடை சீசனில் ஊட்டிக்கு ஏறுகிற சுற்றுலா வண்டிகள் குன்னூர் வழி, இறங்குகிறவை கோத்தகிரி வழி என்று ஒருவழிப் பாதை ஆக்கிவிடுவார்கள். நெரிசலுக்காகச் செய்கிற ஏற்பாடு அது. ஆனால் திசையை இப்படி வைத்ததுதான் புத்திசாலித்தனம் என்பேன். மசினகுடி பக்கம் கல்லட்டி மலைப்பாதையைப் பாருங்கள், 36 கொண்டை ஊசி. அங்கே வெளியூர் வண்டி ஏறலாம், இறங்கக் கூடாது, டி.என். 43 என்ற நீலகிரிப் பதிவெண் வண்டிகளுக்குத்தான் இறங்க அனுமதி. ஆபத்து எந்தத் திசையில் இருக்கிறதென்று தெரிந்துதான் தடுத்திருக்கிறார்கள். காரமடை, கெத்தை, மஞ்சூர் வழியாக இன்னொரு பாதை இருக்கிறது, 43 கொண்டை ஊசி. யானைக்காடு, அழகுக்குக் குறைவில்லை. இந்தக் கட்டுரையைப் படித்து வழி தேடுகிறவர்களுக்கு அது வேண்டாம்.

மழை மாதம்

"ஒன்று அடைத்தால் இன்னொன்று இருக்கிறது" என்று சொல்வார்கள். பாதிதான் உண்மை. இரண்டு சாலையும் மலையின் கிழக்குப் பக்கம். தென்மேற்குப் பருவமழையில் கூடலூர் பக்கம் கொட்டும்போது இங்கே தூறலோடு தப்பிக்கலாம். வடகிழக்குப் பருவமழை அப்படியல்ல, இந்தச் சரிவுகளின் மேலேயே நேராக வந்து விழும். 1993 நவம்பரில் மரப்பாலத்தில் மண் சரிந்து சாலையும் ஆட்களுமாக அடித்துக்கொண்டு போனது. 2009 நவம்பர் 10-ல் கேத்தியில் ஒரே நாளில் 82 செ.மீ. மழை பதிவானது. அந்த மழையில் நீலகிரி முழுக்கச் சரிவுகள், 40 பேருக்கு மேல் உயிரிழப்பு, சாலைகளும் ரயில் பாதையும் பல இடங்களில் துண்டாயின. நவம்பரில் போகிறவர்களுக்கு என் பதில் குன்னூரும் அல்ல, கோத்தகிரியும் அல்ல. முந்தின நாள் மழை நிலவரம் பார்த்துவிட்டுப் புறப்படுங்கள், ராத்திரியில் இறங்காதீர்கள்.

பலாப்பழக் காலத்தில் குஞ்சப்பனை பக்கம் யானை வரும். பழ வாசத்துக்கு வருகிற யானை ஹாரன் சத்தத்துக்கு நகராது. பர்லியார் பக்கமும் உண்டு, ஆனால் கோத்தகிரிச் சாலையில் போக்குவரத்து குறைவு என்பதால் யானைக்கு அது இன்னும் சௌகரியம்.

அப்போ எதில்தான் போவது?

பிள்ளைகளோடு முதல் முறை போகிறவர்கள் குன்னூர் வழி ஏறுங்கள். மலை ரயில் பக்கத்திலேயே புகைவிட்டுக்கொண்டு தெரியும், பர்லியாரில் பழம், குன்னூரில் வர்க்கியும் டீயும். சீசன் இல்லாத நாளில் இரண்டாம் முறை போகிறவர்கள் கோத்தகிரி வழி ஏறிப் பாருங்கள். ஒரசோலை, கட்டபெட்டு தாண்டியதும் கேரட், முட்டைக்கோஸ் தோட்டம் சரிவில் படிப்படியாக இறங்கும்; தொட்டபெட்டா பிரிவு வரும்போது மேகம் சாலையிலேயே உட்கார்ந்திருக்கும். ஹெட்லைட் போடாமல் அங்கே ஓட்டாதீர்கள். பெட்ரோலை மேட்டுப்பாளையத்திலேயே நிரப்பிவிடுங்கள். எந்த வழியானாலும் இ-பாஸ் கட்டாயம். 2024 மே மாதத்திலிருந்து உயர் நீதிமன்ற உத்தரவு. 2025 சீசனில் வார நாளில் 6,000 வண்டி, சனி ஞாயிறில் 8,000 என்று எண்ணிக்கைக்கும் வரம்பு வைத்தார்கள்.

இரண்டில் ஒரு வழிதான் போக நேரமிருக்கிறது என்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். அரவேணு பக்கம் கேத்தரின் அருவி இருக்கிறது. கோத்தகிரி வழியில் போனால் தலைமாட்டில் நின்று சத்தம்தான் கேட்கலாம், முழுசாகத் தெரியாது. குன்னூர் பக்கம் டால்பின் மூக்கு முனையில் போய் நின்றால் பள்ளத்தாக்குக்கு அக்கரையில் அதே அருவி உச்சி முதல் அடி வரை வெள்ளைக் கோடாகத் தெரியும், ஒரு சத்தமும் கேட்காது. சித்தப்பாவுக்கு இரண்டையும் காட்டினேன். போன வருடம் கோத்தகிரி வழியாக, இரண்டாவது கியரில் இறங்கினார். பர்லியார் மங்குஸ்தான் கிடைக்கவில்லை என்பதுதான் சித்திக்கு வருத்தம்.