தடைக்காலத்து ஐந்து ஞாயிறுகள்: ஒரு படிப்பகத் திரையிடலின் மதிப்புரை

மேற்குக் கடற்கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை 61 நாட்கள் மீன்பிடித் தடைக்காலம்; விசைப்படகுகள் கடலுக்குப் போகக்கூடாது. குமரி மாவட்டத்தின் தூத்தூர் வட்டாரத்து ஆழ்கடல் தொழிலாளர்கள் தொடர்ந்தாற்போல் ஊரில் இருப்பது பெரும்பாலும் இந்த இரண்டு மாதங்களில்தான். அதைக் கணக்கில் கொண்டு, அங்குள்ள கடற்கரை ஊர் ஒன்றின் படிப்பகம் தன் மாடிக் கூடத்தில் ஐந்து ஞாயிற்றுக்கிழமைகள் திரைப்படங்களைக் காட்டியது. ஒரு காட்சிக்கு 30 ரூபாய். ஐந்துக்கும் சேர்த்துக் கட்டினால் 100 ரூபாய். துன்பத்தில் அகப்பட்டு மீண்டவர்களின் கதைகள் என்பதே தேர்வுக்கான பொருள். மார்த்தாண்டத்திலிருந்து நித்திரவிளை வழியாகப் பேருந்தில் போய் ஐந்தையும் பார்த்தவன் என்ற முறையில் இதை எழுதுகிறேன்.

முதலில் வசதியைச் சொல்லிவிடுகிறேன். கூடத்துக்குத் தகரக் கூரை. மாதமோ தென்மேற்குப் பருவமழைக் காலம். மழை வலுத்துவிட்டால் இரண்டு ஸ்பீக்கர்களும் ஊமையாகிவிடும். பிளாஸ்டிக் நாற்காலிகளைச் சம தளத்தில் போட்டிருப்பதால், நான்காம் வரிசைக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களுக்கு திரையின் அடியில் வரும் மொழிபெயர்ப்பு எழுத்துவரிகளின் கீழ்ப்பாதியை முன்னால் இருப்பவரின் தலை மறைத்துவிடும். மின்சாரம் இருமுறை போனது. இன்வெர்ட்டர் இருந்ததால் படம் சில நிமிடங்களில் தொடர்ந்தது. இடைவேளையில் கொடுத்த கட்டன்சாயாவும் ஏத்தம்பழ பஜ்ஜியும் கட்டணத்தில் அடங்கும்; இந்த விலைக்கு அதுவே அதிகம்.

முதல் வாரம் 2013இல் வெளிவந்த 'ஆல் இஸ் லாஸ்ட்'. இந்தியப் பெருங்கடலில் தனியாகப் பாய்மரப் படகில் செல்லும் ஒரு முதியவரின் படகில், கப்பலிலிருந்து விழுந்து மிதந்துகொண்டிருந்த சரக்குப் பெட்டி ஒன்று மோதி ஓட்டையிட்டுவிடுகிறது. ராபர்ட் ரெட்ஃபோர்டு ஒருவர்தான் நடிகர். வசனம் ஏறக்குறைய இல்லை. அன்றைய மழையில் இதைவிடப் பொருத்தமான படம் அமைந்திருக்காது என்பது ஒருபுறமிருக்க, இந்தப் படத்தை இந்த ஊரில் பார்த்ததுதான் எனக்குக் கிடைத்த பேறு. ஓட்டையை அடைக்க அவர் துணியை அடுக்கி அதன்மேல் ரெசின் என்ற பசையைப் பூசும் காட்சியில், பைபர் வள்ளங்களுக்குத் தங்கள் கையாலேயே ஒட்டுப் போட்டுப் பழகியவர்கள் முன்வரிசையில் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். "ரெசின் காயாம இருக்கும்போ பட்டுன்னு ஒரு திரை வந்தா போச்சே" என்று ஒரு பெரியவர் சொன்னார் (திரை என்றால் அலை). அதன்பின் படம் முழுவதையும் நான் அவருடைய கண்களால்தான் பார்த்தேன். குடிநீரில் உப்புநீர் கலந்துவிட்டதை அறிந்ததும், ஆவியைக் குளிரவைத்துச் சொட்டுச் சொட்டாக நன்னீர் எடுக்க அவர் செய்யும் ஏற்பாட்டைக் கூடம் மூச்சடக்கிப் பார்த்தது. பெரிய சரக்குக் கப்பல் அவரைக் காணாமலே கடந்து போனபோது யாரும் வியக்கவில்லை. மனவுறுதி என்று நாம் பொதுவாகச் சொல்வதை இந்தப் படம் முகபாவத்தில் தேடாமல் கை செய்யும் வேலையில் காட்டுகிறது. இந்த வகைப் படங்களில் நான் முதலில் எதிர்பார்ப்பது அதைத்தான்.

இரண்டாம் வாரம் 'மஞ்ஞும்மல் பாய்ஸ்', மூன்றாம் வாரம் 'ஆடுஜீவிதம்'. இரண்டும் 2024இல் வந்த மலையாளப் படங்கள். 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தோடு இருந்த பகுதி இது என்பதால், பலருக்கு எழுத்துவரிகள் தேவைப்படவில்லை. இவற்றில் முன்னதைப் பலர் ஏற்கெனவே திரையரங்கில் பார்த்திருந்தார்கள். கொடைக்கானல் குகைப் பள்ளத்தில் விழுந்த நண்பனை மீட்கக் கயிற்றில் இறங்கும் காட்சிக்கு விசில் பறந்தது என்பதற்குமேல் சொல்ல எதுவும் இல்லை. 'ஆடுஜீவித'த்தின்போது கூடம் வேறாக இருந்தது. பென்யாமினின் நாவலிலிருந்து பிளெஸ்ஸி எடுத்த இந்தப் படத்தில், வளைகுடாவுக்கு வேலைக்குப் போன நஜீப் பாலைவன ஆட்டுப்பட்டியில் அடிமையாகிறான். இக்கரையிலிருந்து வளைகுடாவுக்குப் போய் அங்குள்ள படகுகளில் கூலிக்கு மீன்பிடிப்பவர்கள் பலர். அன்று பெண்களின் எண்ணிக்கை இரு மடங்காக இருந்தது. என்னளவில், ஊரின் பச்சையையும் ஆற்றையும் நினைவுகூரும் காட்சிகள் படத்தில் மிகுதி. நஜீபோடு தப்பி ஓடும் வழியில் மணலில் உயிர்விடும் ஹக்கீமுக்குப் படம் கொடுக்கும் நேரத்துக்காக அதை மன்னித்துவிடலாம்.

நான்காம் வாரத் தேர்வில்தான் எனக்கு மனத்தாங்கல். 2006இல் வந்த 'த பர்ஸ்யூட் ஆஃப் ஹேப்பினெஸ்' மோசமான படமன்று. சான்பிரான்சிஸ்கோவில் மகனோடு சுரங்க ரயில் நிலையத்தின் கழிப்பறையில் இரவைக் கழிக்கும் தந்தை, வெளியே யாரோ கதவைத் தட்டும்போது காலால் கதவை அழுத்திக்கொண்டு சத்தமின்றி அழும் காட்சியில் வில் ஸ்மித்தின் நடிப்பு உண்மையானது. ஆனால் பங்குத் தரகு நிறுவனம் ஒன்றில் சம்பளமில்லாப் பயிற்சிக்கு வந்த இருபது பேரில் ஒருவருக்கு மட்டுமே வேலை என்று கதை தானே சொல்லிவிட்டு, மற்றப் பத்தொன்பது பேரை ஒருமுறைகூடத் திரும்பிப் பார்ப்பதில்லை. அவர்களும் உழைத்தவர்கள்தானே? படம் முடிந்ததும் அழைக்கப்பட்டிருந்த பேச்சாளர் ஒருவர், முயன்றால் முடியாதது இல்லை என்று முக்கால் மணி நேரம் பேசினார். கடலில் முயன்றும் முடியாமல் போனவர்களின் வீட்டார் அந்தக் கூடத்தில் இருந்தார்கள் என்பதை அவர் எண்ணிப் பார்த்ததாகத் தெரியவில்லை. இதை அமைப்பாளர்களிடம் சொன்னேன். ஐந்தாம் வாரத்தில் பேச்சாளர் இல்லை. அதற்காக அவர்களைப் பாராட்ட வேண்டும்.

அந்த ஐந்தாம் வாரப் படத்துக்காகவே தொடர் முழுவதையும் பரிந்துரைப்பேன். ஹுவான் அந்தோனியோ பயோனா இயக்கிய 'சொசைட்டி ஆஃப் த ஸ்நோ' 2023இல் வந்த ஸ்பானிய மொழிப் படம். 1972 அக்டோபர் 13 அன்று உருகுவே நாட்டு ரக்பி அணி ஒன்றின் வீரர்களும் அவர்களைச் சேர்ந்தவர்களும் விமானப் பணியாளர்களுமாக 45 பேரை ஏற்றிச் சென்ற விமானம் ஆண்டிஸ் மலைப் பனியில் விழுந்தது. 72 நாட்களுக்குப் பின் உயிரோடு மீண்டவர்கள் 16 பேர். உணவு தீர்ந்தபின் இறந்தவர்களின் உடலை உண்டு பிழைத்த கதை இது என்பது உலகறிந்த செய்தி. படம் அதை அதிர்ச்சிக்காகக் காட்டாமல், நான் இறந்தால் என் உடலை எடுத்துக்கொள்ளுங்கள் என்று நண்பர்கள் ஒருவருக்கொருவர் சொல்லும் வாக்காகக் காட்டுகிறது. கதையைச் சொல்லும் குரல் நூமா துர்காத்தி என்ற இளைஞனுடையது. அவன் மீண்டவர்களில் ஒருவன் அல்லன் என்பது படத்தின் பிற்பகுதியில்தான் தெரிகிறது. ஒவ்வொருவர் இறக்கும்போதும் அவருடைய பெயரும் வயதும் திரையில் எழுத்தாக வருகின்றன. மூன்றாவது பெயர் வந்தபோது பின்வரிசையில் ஒரு பாட்டி அதைப் படித்துக்காட்டும்படி பேத்தியிடம் கேட்டார். அதன்பிறகு வந்த எல்லாப் பெயர்களையும் அந்தச் சிறுமி உரக்கப் படித்தாள், யாரும் அவளைத் தடுக்கவில்லை. இறந்தவன் வாயால் மீண்டவர்களின் கதையைச் சொல்லவைத்த இந்த ஒரு முடிவினாலேயே, மற்ற நான்கு படங்களையும் விட இது எனக்கு உயர்ந்து நிற்கிறது.

2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் இக்கடலில் உருவெடுத்தபோது, ஆழ்கடலுக்குச் சென்றவர்கள் பல நாட்களுக்கு முன்பே கரையை விட்டுப் போயிருந்தார்கள். எச்சரிக்கை அவர்களை எட்டவில்லை. திரும்பாதவர்களின் படங்கள் இந்த ஊர்களின் வீடுகளில் மாட்டியிருக்கின்றன. ஆண்டிஸ் மலையையும் சான்பிரான்சிஸ்கோவையும் தேடிப்போன தேர்வுக்குழு, ஒக்கியால் இம்மாவட்ட மீனவர்களுக்கு நேர்ந்ததைப் பற்றித் திவ்ய பாரதி எடுத்த 'ஒருத்தரும் வரேல' என்ற ஆவணப்படத்தை விட்டுவிட்டது. காரணம் கேட்டதற்கு, ஊர்க்காரர்கள் தாங்குவார்களா என்று தயங்கியதாகச் சொன்னார்கள். அந்தத் தயக்கம் எனக்குப் புரிகிறது. ஆயினும் பனிமலையில் இறந்தவர்களின் பெயர்களை ஒரு சிறுமி படித்துக்காட்டக் கேட்டுக்கொண்டிருந்த கூடத்தைப் பார்த்தபின், அதை முழுமையாக ஏற்க முடியவில்லை.

அடுத்த தடைக்காலத்துக்கான பரிந்துரைகளை எழுத வாசலில் ஒரு நோட்டுப் புத்தகம் வைத்திருக்கிறார்கள். அந்த ஆவணப்படத்தின் பெயரை அதில் எழுதிவிட்டு வந்தேன். தொலைவிலிருந்து போகிறவர்கள் ஐந்து மணிக்கு முன்பே போய் முதல் மூன்று வரிசைகளில் இடம் பிடித்துக்கொள்வது நல்லது. மழைக்காலத்தில் இரவு எட்டரைக்குமேல் திரும்பப் பேருந்து கிடைப்பது கடினம். ஐந்தாம் வாரப் படம் 144 நிமிடங்கள் என்பதால், அன்று நான் நித்திரவிளை வரை ஆட்டோவுக்குக் கொடுத்தது அந்தத் தொடரின் முழுக் கட்டணத்தைவிட அதிகம்.