வெள்ளி சார்ம் பிரேஸ்லெட்: வாங்கலாம், வளையத்தைப் பற்றவைத்துவிட்டு

வாங்கலாமா என்று கேட்பவர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சங்கிலி நன்றாக இருக்கிறது. அதில் தொங்குகிற சின்னச் சின்ன உருவங்களான சார்ம்களும் நன்றாக இருக்கின்றன. இரண்டையும் சேர்க்கிற வளையம்தான் சரியில்லை. அதை மட்டும் சரிசெய்துகொண்டால் கொடுத்த காசுக்கு இது நல்ல நகை.

நான் சேலம் செவ்வாய்ப்பேட்டைக்காரி. எங்கள் வீட்டு முன்னறைதான் பட்டறை. அப்பா கொலுசு வேலை செய்கிறவர். சங்கிலியில் வெள்ளி முத்தும் சலங்கையும் வைத்துப் பற்றவைப்பதை, அதாவது சூடு காட்டி உலோகத்தை உருக்கி ஒட்டுவதைச் சின்ன வயதிலிருந்து பார்த்து வளர்ந்திருக்கிறேன். அதனால் எந்த நகை வீட்டுக்கு வந்தாலும் டிசைனைப் பார்ப்பதற்கு முன்னால் பற்றவைப்பைத்தான் பார்ப்போம். சார்ம் பிரேஸ்லெட்டை மால் கடைகளில் பெரிய விஷயமாகக் காட்டுகிறார்கள். உள்ளபடி பார்த்தால் அதுவும் கொலுசில் சலங்கை கட்டுகிற அதே வேலைதான். ஒரு சங்கிலி, ஒரு தொங்கல், நடுவில் ஒரு வளையம்.

இதைத் தங்கைக்காக ஆன்லைனில் வாங்கினேன். 925 வெள்ளி, அதாவது நூற்றுக்குத் தொண்ணூற்றிரண்டரைப் பங்கு வெள்ளி, மீதி பெரும்பாலும் செம்பு. கொக்கிக்குப் பக்கத்தில் சின்னத் தகட்டில் 925 என்று அடித்திருக்கிறது. தங்கத்துக்குப் போல வெள்ளிக்கு ஹால்மார்க் கட்டாயம் இல்லாததால், வெறும் எண்ணை நம்பாமல் அப்பா உரசிப் பார்த்துச் சொன்ன பிறகுதான் எனக்கு நிம்மதி. சங்கிலியின் கண்ணிகள் ஒவ்வொன்றும் பற்றவைத்தவை, ஒரே அளவு, ஓரம் எங்கும் உறுத்தவில்லை. லாப்ஸ்டர் கொக்கியின் ஸ்பிரிங்கும் அழுத்தமாக இருக்கிறது. கூடவே ஐந்து சார்ம்: யானை, சாவி, பட்டாம்பூச்சி, நீல எனாமல் பூ, ஒற்றை முத்து. யானையின் காது மடிப்பில் கறுப்பு ஏற்றிய விதம் எனக்கு ரொம்பப் பிடித்தது. கெட்டி வார்ப்பு, உள்ளே பொள்ளல் இல்லை.

அளவைப் பற்றி ஒரு வார்த்தை. மணிக்கட்டைச் சுற்றி அளந்து, அதோடு ஏறக்குறைய 2 செ.மீ. கூட்டி வாங்க வேண்டும். சார்ம்கள் கையோடு இடம் பிடித்துக்கொள்ளும். சரியான அளவில் வாங்கினால் யானை போய் எலும்பில் குத்தும்.

இனி குறை. வந்த வளையங்கள் எல்லாம் சுமார் 0.6 மி.மீ. கம்பி, கம்பித் தடிமனைச் சொல்லும் கேஜ் கணக்கில் 22. இரண்டு முனையும் சேர்கிற வாய் வெறுமனே நெருக்கி விட்டது, பற்று இல்லை. தங்கை போட்டுக்கொண்டு கல்யாணத்துக்குப் போன இடத்தில் சாவி துப்பட்டா நூலில் மாட்டி இழுபட்டது. வளையம் வாய் திறந்து சாவி கீழே விழுந்ததை நல்லவேளை பக்கத்தில் இருந்த சித்தி பார்த்து எடுத்துக் கொடுத்தார். விற்ற கடைக்கு எழுதிக் கேட்டேன். வளையத்துக்கு வாரண்டி கிடையாது என்று பதில் வந்தது. மறுபடி அதே மெல்லிய வளையங்கள் நாலைந்தை ஒரு பையில் போட்டு அனுப்பினார்கள். வெள்ளிக்கும் வேலைப்பாட்டுக்கும் இவ்வளவு வாங்குகிறவர்கள் வளையத்தில் சிக்கனம் பார்ப்பது எனக்கு உண்மையிலேயே கோபம் தருகிறது. அந்த ஒரு துளி பொடியில், அதாவது பற்றவைக்க உருக்குகிற பற்று உலோகத்தில், யாருக்கு என்ன மிச்சமாகிவிடும்?

உங்களிடம் இருக்கும் பிரேஸ்லெட்டில் இதைச் சோதிப்பது சுலபம். ஒரு தையல் நூலை எடுத்து வளையத்துக்குள் விட்டு, வளையத்தின் ஓட்டத்திலேயே முழுச் சுற்றுச் சுற்றி இழுங்கள். எங்கேயாவது நூல் மாட்டினால் அங்கே வாய் திறந்திருக்கிறது என்று அர்த்தம். நகத்தை ஓட்டினாலும் தெரியும், ஆனால் நூல் பொய் சொல்லாது. பற்றவைத்த வளையத்தில் நூல் வழுக்கிக்கொண்டு போகும்.

வீட்டிலேயே வளையம் மாற்ற நினைப்பவர்கள் இரண்டு குறடு வைத்துக்கொள்ளுங்கள். உள்பக்கம் பல் இல்லாத மூக்குக் குறடாக இருக்கட்டும், பல் இருந்தால் வெள்ளியில் தடம் விழும். வளையத்தின் வாய் மேலே இருக்கும்படி இரண்டு பக்கமும் பிடித்து, ஒரு கையை முன்னுக்கும் மறு கையைப் பின்னுக்கும் திருப்ப வேண்டும். பக்கவாட்டில் இழுத்து அகட்டக் கூடாது. அகட்டினால் வட்டம் கெட்டுவிடும், அப்புறம் எவ்வளவு நெருக்கினாலும் வாய் சேராது. மூடும்போது கொஞ்சம் தாண்டிப் போய்த் திரும்பி வர வேண்டும். கம்பிக்கு ஒரு துள்ளல் உண்டு, அப்படிச் செய்தால்தான் இரண்டு முனையும் முட்டி நிற்கும். சின்ன சார்முக்கு 20 கேஜ் (0.8 மி.மீ.), யானை மாதிரி கனமானதுக்கு 18 கேஜ் (1 மி.மீ.) போதும். அதற்கு மேல் தடிமன் போனால் சங்கிலிக் கண்ணிக்குள் நுழையாது.

அப்பா இதைக் கையில் வாங்கியதும் சொன்னது: “ஏங்கண்ணு, இவ்ளோ நல்ல வேலைய செஞ்சுபோட்டு வாய மூடாம உட்டுட்டாங்களே.” மறுநாள் காலை கொலுசு வேலையைத் தொடங்குவதற்கு முன்னால் இதை எடுத்துக்கொண்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

முதலில் சங்கிலியைப் பலகையில் முறுக்கில்லாமல் நீட்டி வைத்தார். முறுக்கோடு சார்ம் மாட்டினால் ஒன்று உள்ளே பார்க்கும், ஒன்று வெளியே பார்க்கும். நீட்டி வைத்து எல்லாச் சார்மையும் கண்ணிகளின் ஒரே பக்கத்தில் மாட்டினால்தான் கையில் வரிசையாகத் தொங்கும். கொக்கிக்கு நேர் எதிரே, நடுக் கண்ணியில் யானை. கனமானது நடுவில் இருந்தால் கொக்கி சுற்றிக்கொண்டு மேலே வராது. சாவியும் பட்டாம்பூச்சியும் இரு பக்கமும் சம தூரத்தில். எனாமல் பூவுக்குப் பக்கத்தில் கூரான எதுவும் வராதபடி இடம் விட்டார். சாவியின் பல் உரசினால் எனாமல் தெறித்துவிடும்.

அப்புறம் பற்றவைப்பு. வளையத்தின் வாயை விளக்குக்கு நேராகப் பிடித்துப் பார்த்தார். வெளிச்சம் தெரிந்தால் திரும்ப நெருக்குவார். பொடி இடைவெளியை நிரப்பாது, முட்டி நிற்கும் இரண்டு முனைகளைத்தான் சேர்க்கும். வாயைச் சங்கிலிக் கண்ணியிலிருந்தும் சார்மிலிருந்தும் விலகிப் பக்கவாட்டில் வரும்படி திருப்பிக்கொண்டார். கண்ணியை ஒட்டி வைத்து ஊதினால் வளையமும் கண்ணியும் சேர்ந்து பிடித்துக்கொள்ளும், சார்ம் ஆடாமல் விறைத்து நிற்கும். கல்லில் தண்ணீர் விட்டு வெங்காரம் (போராக்ஸ்) உரைத்து, தூரிகையால் வாயில் ஒரு பொட்டு. அதன் மேல் கடுகில் பாதி அளவு பற்றுத் துண்டு. டார்ச் தீயை நேராகத் துண்டின் மேல் காட்டவில்லை. வளையத்தைச் சுற்றிச் சுற்றிக் காட்டினார். வெங்காரம் முதலில் பொங்கியது, பிறகு கண்ணாடி போல அடங்கியது. வளையம் மங்கிய சிவப்புக்கு வந்த நொடியில் துண்டு பளிச்சென்று ஓடி வாயில் மறைந்தது. தீயை உடனே எடுத்துவிட்டார். சுத்த வெள்ளி 961.8 டிகிரி செல்சியஸில் உருகும், 925 அதற்கும் கீழே, 800 தாண்டியதுமே இளகத் தொடங்கிவிடும். பற்று ஓடுகிற சூட்டுக்கும் வளையமே உருண்டு போகிற சூட்டுக்கும் நடுவில் கொஞ்ச இடம்தான்.

எனாமல் பூவை ஈரப்பஞ்சில் புதைத்து வளையத்தை மட்டும் வெளியே நீட்டிப் பற்றவைத்தார். எனாமல் என்பது உலோகத்தின் மேல் உருக்கிய கண்ணாடிதான். சட்டென்று சூடு ஏறினால் விரிசல் விடும். விலை குறைந்த சார்ம்களில் எனாமல் என்று சொல்வது பெரும்பாலும் வண்ணப் பிசின், அது தீயைக் கண்டாலே பொசுங்கிவிடும். முத்துக்குத் தீயே காட்டவில்லை. முத்து சூட்டையும் தாங்காது, பற்றவைத்த பிறகு வெளுக்கப் போடுகிற அமிலத்தையும் தாங்காது. அதற்குச் சாவிக்கொத்து வளையம் போல இரண்டு சுற்றுச் சுற்றிய சின்ன வெள்ளி வளையம் போட்டார். அது தானாகத் திறக்க வழியில்லை. முத்தைக் கழற்ற வேண்டுமென்றால் நாமே கழற்றிக்கொள்ளலாம்.

வீட்டில் பட்டறை இல்லாதவர்கள் கவலைப்பட வேண்டாம். கொலுசு ரிப்பேர் பார்க்கிற எந்தக் கடையிலும் இந்த வேலையைச் செய்வார்கள். கூலி பெரிதாக இருக்காது. லேசர் மெஷின் இருக்கிற கடையாக இருந்தால் கல் வைத்த சார்முக்கு அதுவே நல்லது, சூடு அந்தப் புள்ளியோடு நின்றுவிடும். கொடுக்கும்போது எதில் எனாமல், எதில் கல், எது ஒட்டியது என்று ஒவ்வொன்றாகக் காட்டிச் சொல்லிவிடுங்கள்.

இந்த வகை வேண்டாம், பண்டோரா மாதிரி கோர்க்கிறதை வாங்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. அது வேறு ஏற்பாடு. 1982இல் கோபன்ஹேகனில் தொடங்கிய கம்பெனி, 2000இல் சார்ம் பிரேஸ்லெட்டைக் கொண்டுவந்தது. முக்கியப் பட்டறைகள் தாய்லாந்தில். அதில் வளையமே இல்லை. பாம்புச் சங்கிலியில் மணி கோர்ப்பதுபோலச் சார்மை ஏற்ற வேண்டும். சில சார்மின் உள்ளே மரை இருக்கும், அதைத் திருகி ஏற்ற வேண்டும், இழுக்கக் கூடாது. நடுநடுவே கிளிப் போட்டால் எல்லாம் ஒரு பக்கம் சரிந்து சேராது. சார்ம்களை நெருக்கி அடைக்காமல் சங்கிலி வளைவதற்கு இடம் விட வேண்டும், இல்லாவிட்டால் அது விறைத்து மடிந்துபோகும். தொலைவது குறைவு, மாற்றுவது சுலபம், விலை அதிகம். ஆனால் தொங்கி ஆடுகிற அழகு அதில் பாதிதான். எனக்குக் கையை அசைத்தால் சத்தம் கேட்க வேண்டும், கொலுசு வீட்டுப் பெண் அல்லவா.

ஒவ்வொன்றாகச் சேர்த்துக்கொண்டே போவதுதான் இந்த நகையின் உயிர். விக்டோரியா ராணிக்கு ஒரு தங்கப் பிரேஸ்லெட் இருந்தது. 1840இல் மூத்த மகள் பிறந்தபோது தொடங்கி, பிள்ளைக்கு ஒன்றாக ஒன்பது எனாமல் இதயங்கள், ஒவ்வொன்றுக்குள்ளும் அந்தக் குழந்தையின் தலைமுடி. நம் பக்கத்தில் தாலிக்கொடியில் குண்டும் காசும் மாங்காயும் கோர்ப்பதை நினைத்துக்கொள்கிறேன். அங்கேயும் எது எப்போது யார் கொடுத்து ஏறியது என்று அம்மாவுக்குத் தெரியும். அதனால்தான் ஒரு சார்ம் தொலைவது வெறும் ஒரு கிராம் வெள்ளி தொலைவது அல்ல.

பராமரிப்புக்கு வருகிறேன். வெள்ளி கறுப்பது அழுக்கினால் அல்ல. காற்றில் இருக்கும் கந்தகம் வெள்ளியோடு சேர்ந்து வெள்ளி சல்பைடாகப் படிகிறது. ரப்பர் பேண்ட், முட்டை, கம்பளித் துணி எல்லாவற்றிலும் கந்தகம் உண்டு. பிரேஸ்லெட்டை ரப்பர் பேண்ட் போட்டுச் சுற்றி வைக்கவே வைக்காதீர்கள். தங்கை நர்ஸ், டியூட்டியில் கையில் நகை போட முடியாது. எனவே அதிக நேரம் பெட்டியில்தான் இருக்கும். காற்றுப் புகாத ஜிப் கவரில், சிலிக்கா ஜெல் பொட்டலம் ஒன்றோடு, கொக்கியை மாட்டிப் படுக்கையாக வைக்கச் சொல்லியிருக்கிறேன். கொக்கி திறந்திருந்தால் சார்ம்கள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளும். சென்ட், பாடி ஸ்பிரே, கை கழுவும் சானிடைசர் எல்லாம் போட்டு உலர்ந்த பிறகுதான் பிரேஸ்லெட். நீச்சல் குளத்துக் குளோரின் பக்கமே போகக் கூடாது.

சுத்தம் செய்ய எங்கள் வீட்டில் பூந்திக்கொட்டை. நாலு கொட்டையை உடைத்து வெந்நீரில் ஊறவைத்து, நுரை வந்ததும் மெத்தென்ற பிரஷால் சார்மின் மடிப்புகளில் தேய்த்து, நல்ல தண்ணீரில் அலசி, பருத்தித் துணியில் ஒற்றி, முழுக்கக் காயவிடுவோம். வளையத்துக்குள் ஈரம் நின்றால் அங்கிருந்துதான் கறுப்பு தொடங்கும். முத்துச் சார்மை மட்டும் கழற்றி வைத்து ஈரத்துணியால் துடைத்தால் போதும்.

விபூதி போட்டுத் தேய்ப்பது குத்துவிளக்குக்கும் பூஜைச் சாமானுக்கும் சரி, பளபளப்பான சார்முக்கு வேண்டாம். பல் தேய்க்கிற பேஸ்ட் போட்டுத் தேய்ப்பது அதைவிட மோசம், மெல்லிய கீறல்கள் விழுந்து பளபளப்பு மங்கும். அலுமினியத் தாளும் சமையல் சோடாவும் வெந்நீரும் போட்டு எடுக்கிற வீடியோக்களை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். வேலை செய்யும், வேதியியலும் சரிதான், சல்பைடு திரும்ப வெள்ளியாகிறது. வெறும் சங்கிலிக்குச் செய்யலாம். யானையின் காது மடிப்பில் வேண்டுமென்றே ஏற்றிய கறுப்பையும் அது எடுத்துவிடும். வெள்ளியை முக்கி எடுக்கக் கடையில் விற்கிற சில்வர் டிப் திரவமும் அப்படித்தான். முத்து, பவளம், ஒட்டிய கல் இருந்தால் இரண்டையும் மறந்துவிடுங்கள்.

மாதம் ஒருமுறை நூல் சோதனை. கூடவே வளையம் கண்ணியோடு உரசும் இடம் தேய்ந்து மெலிந்திருக்கிறதா என்று பாருங்கள். மெலிந்தால் வளையத்தை மாற்றிவிடலாம், அது செலவே இல்லாத வேலை. கண்ணி மெலிந்தால்தான் கஷ்டம். அதனால் சங்கிலிக் கம்பியைவிடத் தடித்த வளையத்தைப் போடுவதில்லை என்று அப்பா சொல்வார்.

மதிப்பெண் கேட்டால் சங்கிலிக்கும் சார்முக்கும் ஐந்துக்கு நாலரை, வளையத்துக்கு ஒன்று. ஆன்லைனில் வாங்குகிறவர்கள் “சால்டர்டு ஜம்ப் ரிங்” (பற்றவைத்த வளையம்) என்று விவரத்தில் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். போடவில்லை என்றால் பிரேஸ்லெட் வந்ததும் போட்டுப் பார்ப்பதற்கு முன்னால் பட்டறைக்கு எடுத்துப் போங்கள்.