நேரத்துக்கு ஸ்டெபிலைசர் என்று பெட்டி விற்க வருகிறார்கள்: மதுரை மக்கள் கவனிக்கவும்

மேலமாசி வீதியை ஒட்டிய ஒரு சந்தில் 31 ஆண்டுகளாகக் கடிகாரம் பழுது பார்த்து வருகிறேன். ஏமாந்தது என் கூடப் பிறந்த அக்கா. அதுவும் கடிகாரத்தைக் காட்டியே ஏமாற்றியிருக்கிறார்கள். அதனால்தான் விரிவாக எழுதுகிறேன்.

அக்கா வீடு திருப்பரங்குன்றம் பக்கம். மச்சான் பஞ்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். இரண்டு ஆண்டுகளாக மறதி நோய். இரவு 2 மணிக்கு எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டு, "ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது, தூக்குவாளி எங்கே?" என்று கேட்பார். பகலெல்லாம் அசந்து கிடப்பார். அக்கா ஒரு முழு இரவு தூங்கி எத்தனையோ மாதங்கள் ஆகிவிட்டன.

சித்திரை பிறந்த மறுநாள் முற்பகலில் ஓர் ஆள் வந்திருக்கிறான். மடிப்புக் கலையாத சட்டை, தோளில் கனத்த பை. மச்சானின் நிலைமை அவனுக்கு முன்பே தெரிந்திருக்கிறது. "கரண்ட் ஏறி இறங்கினால் ஸ்டெபிலைசர் வைக்கிறீர்கள். இந்த வீட்டில் நேரமே ஏறி இறங்குகிறது அம்மா. அதனால்தான் ஐயாவுக்கு இரவும் பகலும் குழம்புகின்றன" என்று ஆரம்பித்திருக்கிறான். அக்கா நம்பவில்லை. பிறகு இரண்டு காரியங்கள் செய்து காட்டியிருக்கிறான்.

முதலாவது, கூடத்துச் சுவர்க் கடிகாரம். அதன் கீழே இருந்த அலமாரி மேல் பையை வைத்துவிட்டு, "முள்ளைப் பாருங்கள்" என்றானாம். விநாடி முள் முன்னே போக முடியாமல் அதே இடத்தில் துடித்துக்கொண்டு நின்றது. பையைத் தூக்கிக்கொண்டு போய்த் தன் பெட்டியை வெளியே எடுத்து பிளக்கில் செருகினான். முள் சீராக ஓடத் தொடங்கியது. அக்காவுக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

குவார்ட்ஸ் கடிகாரத்தின் உள்ளே ஒரு படிகம் விநாடிக்கு 32,768 முறை அதிர்கிறது. அந்தக் கணக்கை வைத்து ஒரு சின்னக் கம்பிச்சுருள் விநாடிக்கு ஒரு துடிப்புக் கொடுக்க, அரிசி மணி அளவுள்ள காந்தம் ஒன்று அரைச் சுற்றுச் சுற்றிப் பல்சக்கரத்தைத் தள்ளும். பக்கத்தில் வலுவான காந்தம் வந்தால் இந்தக் குட்டிக் காந்தம் திரும்ப முடியாமல் அடங்கிப்போகும். பைக்குள் இருந்தது காந்தம்தான். என் கடை மேசையில் அக்கா கண்ணெதிரே அதையே செய்து காட்டினேன். பார்த்துவிட்டு அவள் ஒன்றும் பேசவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

இரண்டாவது, மொட்டை மாடியில் நிழல். மூன்றடிக் கம்பி ஒன்றைச் செங்குத்தாக நிறுத்தி, செல்போனில் 12 மணி ஆனதும் காட்டினான். நான்கு விரற்கடை நிழல் மேற்கே விழுந்திருந்தது. காத்திருந்து பார்த்தால் 12.17 வாக்கில் நிழல் கம்பியின் காலடியில் ஒடுங்கிவிட்டது. "உச்சிப்பொழுது 17 நிமிடம் பிந்தி வருகிறது. அவ்வளவு நேரம் இங்கே தேங்கி நிற்கிறது" என்றான்.

இதில் அவன் காட்டிய நிழல் பொய்யில்லை. பேசியதுதான் பொய். இந்திய நேரம் 82.5 பாகை (டிகிரி) கிழக்குத் தீர்க்கரேகைக்குக் கணக்கிடப்பட்டது. மதுரை இருப்பது ஏறத்தாழ 78.1 பாகையில். இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பாகைக்கு 4 நிமிடம் என்று பெருக்கிப் பாருங்கள், சுமார் பதினேழரை நிமிடம் வரும். சித்திரைத் தொடக்கத்தில் சூரியன் நம் ஊருக்கு நேர் உச்சியில் வருவதால் நிழல் மறைவதும் இயற்கை. மீனாட்சியம்மன் கோயில் கோபுரத்துக்கும் அதே கணக்கு, என் கடை வாசலுக்கும் அதே கணக்கு. நாள் பார்த்துத்தான் வந்திருக்கிறான்.

வானத்தில் சுற்றும் செயற்கைக்கோளிலேயே நேரம் மாறுகிறதே என்றும் சொன்னானாம். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரம் தரையில் உள்ளதைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோ விநாடி முந்துவது உண்மை. மைக்ரோ விநாடி என்பது ஒரு விநாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு. அந்தக் கணக்கில் 17 நிமிடம் சேர 70,000 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். அங்கேயும் விஞ்ஞானிகள் திருத்துவது கடிகாரத்தை. கால ஓட்டத்தைப் பிடித்து நிறுத்தும் கருவி உலகத்தில் யாரிடமும் கிடையாது.

விலை 24,800 ரூபாய். அக்கா இரண்டு வளையல்களை அடகு வைத்து 15,000 ரொக்கமாகவும் மீதியைச் செல்போன் வழியாகவும் கொடுத்திருக்கிறாள். பெட்டியை நான் பிரித்துப் பார்த்தேன். சாதாரண சுவர்க் கடிகார மெஷின் ஒன்று. 17-லிருந்து ஒவ்வொன்றாகக் குறைந்து பூஜ்யத்தில் வந்து நிற்கும் எண் பலகை. ஒரு நீல விளக்கு. மீதி இடம் முழுக்கப் பாலிதீன் பையில் கட்டிய ஆற்று மணல், கனம் தெரிவதற்காக. பையைக் கட்டியிருந்தது பூக்கடை நூல். என் அக்கா அந்த மணல் பெட்டிக்கு ஒரு வாரம் சாம்பிராணி காட்டியிருக்கிறாள்.

பணம் போனதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். "மாத்திரை நேரத்தைக் கலைக்கும், பெட்டி ஓடும்போது இரவு மாத்திரை வேண்டாம்" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறான், பாவி. நான்கு இரவு மச்சான் கண் மூடவில்லை. ஐந்தாம் நாள் விடியற்காலையில் கண்மாய்க் கரையில் வெறுங்காலோடு நின்றவரை, பால்காரர் ஒருவர் அடையாளம் தெரிந்து கூட்டி வந்தார். அந்த மனிதருக்கு எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

இப்போது மருத்துவர் மாத்திரையை மறுபடி தொடங்கியிருக்கிறார். காலையில் அரை மணி நேரம் வெயில் படும்படி வாசலில் உட்கார வைக்கவும், பகல் தூக்கத்தைக் குறைக்கவும் சொன்னார். கிழமையும் தேதியும் பெரிதாகத் தெரியும் கடிகாரம் ஒன்றை நான் மாட்டிக் கொடுத்திருக்கிறேன்.

விற்றவனின் எண் அணைந்துகிடக்கிறது. பெட்டியில் தயாரித்தவர் பெயர், முகவரி, விலை எதுவும் அச்சிடப்படவில்லை. வாங்கும் முன் அதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். காவல் நிலையத்தில் புகார் கொடுத்துவிட்டோம். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-லும் பதிந்திருக்கிறோம். மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுகளுக்குள் வழக்குப் போடலாம், 5 லட்சம் ரூபாய் வரை கொடுத்து வாங்கிய பொருளுக்குக் கட்டணம் இல்லை. செல்போனில் பணம் அனுப்பிய விவரத்தை அழித்துவிடாதீர்கள், எங்களிடம் இருக்கும் பெரிய சாட்சி அதுதான்.

இதே பெட்டியை யாராவது ஏற்கெனவே வாங்கியிருந்தால், என் கடைக்கு எடுத்து வாருங்கள், பிரித்துக் காட்டுகிறேன். ஆனால் அவன் பேச்சைக் கேட்டு வீட்டில் யாருக்காவது மாத்திரையை நிறுத்தியிருந்தால், பெட்டியை அப்படியே விட்டுவிட்டு முதலில் மருத்துவரிடம் போங்கள். நாளைக்கு என்று தள்ளிப்போட வேண்டாம்.