இட்ச்சா, ஸ்டீமா: முதல் கேமை எங்கே வைப்பது?

கேரளத்தில் கொழிஞ்சாம்பாறை, சித்தூர் பக்கம் கேம் செய்யப் பழகும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு நான் முதலில் சொல்வது இட்ச்.ஐஓ தான். கேம்களை வெளியிடவும் விற்கவும் 2013-இல் தொடங்கிய இணையதளம். கேமை ஏற்றக் கட்டணம் கிடையாது. விற்பனையில் தளத்துக்கு எத்தனை சதவீதம் என்பதையும் நீங்களே முடிவு செய்யலாம், பூஜ்யம்கூட வைக்கலாம். இணையப் பக்கங்களை உருவாக்கும் மொழியான ஹெச்டிஎம்எல்5-இல் செய்த கேம் பிரவுசரிலேயே ஓடும். பாலக்காட்டில் இருக்கும் மாமா எதையும் இன்ஸ்டால் செய்யாமல், லிங்கைத் திறந்ததும் விளையாடிப் பார்க்கலாம். புதியவருக்கு இது பெரிய விஷயம்.

பக்கத்தின் நிறம், பின்னணி எல்லாம் உங்கள் விருப்பம். முகப்புப் படம் 630-க்கு 500 பிக்சல் இருந்தால் நல்லது. அசையும் ஜிஃப்கூட வைக்கலாம். கேம் ஜாமில், அதாவது குறுகிய நேரத்துக்குள் கேம் செய்யும் நிகழ்வில், அவசரமாகச் செய்ததையும் வையுங்கள், நீங்கள் வளர்ந்த விதம் அதில் தெரியும். விளக்கத்தைத் தமிழிலும் மலையாளத்திலும் எழுதினால் நம்மூர் ஆட்கள் எல்லோரும் படிப்பார்கள்.

கணினி கேம்களை விற்கும் பெரிய தளமான ஸ்டீமில் ஒவ்வொரு கேமுக்கும் 100 டாலர் கட்ட வேண்டும். 1,000 டாலர் வருமானம் வந்த பிறகுதான் அது திரும்பும். ஆனால் காசு கொடுத்து வாங்குகிற கூட்டம் அங்கேதான் அதிகம், பிறகு வாங்க நினைக்கும் கேம்களை அவர்கள் குறித்து வைக்கும் விஷ்லிஸ்ட்டும் கைகொடுக்கும். முழுதாக முடித்த கேம் இருந்தால் சரி, அங்கே போங்கள். அதுவரை இட்ச் போதும்.