தைக்கோ அடித்துவிட்டுச் சாப்பிட: அசாகுசாவா, கியோட்டோவா, சாடோ தீவா?

ஜப்பானுக்குப் போகிற நண்பர்கள் என்னிடம் அடிக்கடி கேட்பது இது: "தைக்கோ முரசை ஒரு தடவையாவது கையால அடிச்சுப் பார்க்கணும். அப்புறம் உட்கார்ந்து நல்லா சாப்பிடணும். ரெண்டையும் எங்க வெச்சுக்கலாம்?"

இரண்டு பயணங்களில் மூன்று ஊர்களில் இதைச் செய்து பார்த்திருக்கிறேன். முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இரண்டு இரவு ஒதுக்க முடிந்தால் சாடோ தீவு. ஒரே ஒரு மாலைதான் இருக்கிறது என்றால் தோக்கியோவின் அசாகுசா. கூட வருபவர் சுத்த சைவம் என்றால் கியோட்டோ. மேடையில் முரசு முழங்க, கீழே உட்கார்ந்து சாப்பிடும் நிகழ்ச்சிகளும் உண்டு. அவற்றுக்குப் பணம் கட்ட வேண்டாம் என்பேன். மூடிய அறைக்குள் அந்தச் சத்தத்தில் பக்கத்தில் இருப்பவரிடம் ஒரு வார்த்தை பேச முடியாது, சாப்பாட்டிலும் மனம் போகாது. கடைசியில் உங்களை மேடைக்குக் கூப்பிட்டுக் குச்சியைக் கையில் கொடுத்து, ஒரு போட்டோ எடுத்து அனுப்பிவிடுவார்கள்.

இடங்களுக்குள் போகும் முன் முரசைப் பற்றிக் கொஞ்சம். கோயில், வயல், போர்க்களம், திருவிழா என்று ஜப்பானில் முரசு ஒலிக்காத இடம் இருந்ததில்லை. ஆனால், சிறிதும் பெரிதுமாகப் பல முரசுகளை வைத்துக்கொண்டு ஒரு குழுவே சேர்ந்து முழக்குகிறார்களே, அந்த வடிவத்துக்கு வயது குறைவு. நாகானோ மாநிலத்தின் சுவா பகுதியில், ஜாஸ் டிரம்ஸ் வாசித்துக்கொண்டிருந்த ஒகுச்சி தைஹாச்சி 1951இல் ஒசுவா தைக்கோ குழுவைத் தொடங்கியதிலிருந்து பரவியது அது. வகுப்பில் நமக்குச் சொல்லித் தருவதும் பெரும்பாலும் இந்தக் குழு முறைதான்.

வகுப்பில் உங்கள் முன்னால் நிற்கப்போவது நாகாதோ என்ற முரசு. கெயாக்கி என்னும் மரத்தின் அடித்துண்டைக் குடைந்து உடலாக்கி, இரண்டு வாயிலும் மாட்டுத்தோலை இழுத்து, விளிம்பு முழுக்க ஆணி அடித்திருப்பார்கள். அந்தத் தோலைப் பதப்படுத்திய மக்களைத்தான் எடோ காலம் (17-19ஆம் நூற்றாண்டு) தீட்டு என்று சொல்லி ஊருக்கு வெளியே வைத்தது. ஒசாக்காவின் நானிவா வட்டாரம் அப்படிப்பட்ட முரசுத் தொழிலாளர்களின் ஊர். அங்கே அஷிஹாராபாஷி ஸ்டேஷன் பக்கம் ஒரு சாலைக்கே முரசின் பெயரை வைத்து அந்த வரலாற்றைச் சொல்கிறார்கள். பறையின் கதை தெரிந்த நமக்கு இதில் விளக்கிச் சொல்ல ஒன்றும் இல்லை. கைதட்டல் எல்லாம் அடிப்பவருக்கே போய்ச் சேருகிறது, செய்தவர் பெயர் வெளியே வருவதில்லை என்பது மட்டும் அந்தத் தோலின் மேல் குச்சி விழும்போதெல்லாம் எனக்கு நினைவுக்கு வந்தது.

அசாகுசா: ஒரு மாலைக்குள்

அசாகுசாவைச் சொல்வதற்கு முதல் காரணம், முரசுத் தொழில் இன்றும் உயிரோடு இருக்கும் இடம் அது. 1861இல் தொடங்கிய மியாமோத்தோ உனோசுகே என்ற நிறுவனம் இங்கே திருவிழாப் பல்லக்குகளும் முரசுகளும் செய்கிறது. 1988இல் ஒரு முரசு அருங்காட்சியகமும் திறந்தார்கள். அங்கிருந்து நடக்கும் தூரத்தில் கப்பாபாஷி. சமையல் கத்தி, மண்சட்டி, கடை வாசலில் வைக்கும் மெழுகு போன்ற மாதிரி உணவு என்று ஜப்பானின் உணவகங்களுக்கு வேண்டியதெல்லாம் விற்கும் தெரு அது. வகுப்புக்கு முன்னால் இரண்டு மணி நேரம் இருந்தால் இந்தப் பக்கம் சுற்றுங்கள்.

நான் போன வகுப்பு ஒரு மணி நேரம். சத்தம் வெளியே போகாதபடி அடைத்த அறை, பத்துப் பேர், ஆளுக்கொரு முரசு. குச்சியை உடனே கொடுத்துவிடவில்லை. முதலில் வாயால் சொல்ல வைத்தார்கள். நடுத்தோலில் ஓங்கி ஒரு அடி என்றால் "டொன்". அதே இடத்தில் வேகமாக இரண்டு என்றால் "டொகோ". விளிம்பு மரத்தில் தட்டினால் "க", அதையே இரட்டித்தால் "கரா". டொன் டொன் டொகோ டொகோ, கரா க க. மிருதங்கம் படித்த பிள்ளைகள் இருக்கும் வீட்டிலிருந்து போகிறவர்களுக்கு இது அந்நியமாகவே தோன்றாது. சொல் வாயில் படிந்துவிட்டால் கை தானாக வந்துவிடும்.

அப்புறம் நிற்கும் முறை. இடது கால் முன்னே, வலது கால் நன்றாகப் பின்னே, முட்டி மடங்கி, இடுப்பு தாழ்ந்து நிற்க வேண்டும். குச்சிக்குப் பாச்சி என்று பெயர். ஒரு முழத்துக்குக் கொஞ்சம் குறைவான நீளம், பெருவிரலைவிடத் தடிமன். அதை இறுக்கிப் பிடித்தால் தோல் திருப்பி அடிக்கும் அதிர்வு முழங்கை வரை ஏறுகிறது. ஆசிரியை என் விரல்களை ஒவ்வொன்றாகத் தளர்த்திவிட்டு, மறுபடி அடிக்கச் சொன்னார். அந்த அடியில்தான் முரசு முதல்முறையாகப் பேசியது. குச்சி தானாக எழும்பியது, அறையின் தரை உள்ளங்காலில் அதிர்ந்தது. அந்த ஒரு மணி நேரத்தில் எனக்கு மிகவும் பிடித்த நொடி அதுதான்.

சாப்பாட்டை எப்போதும் முரசுக்குப் பின்னால் வைத்துக்கொள்ளுங்கள். வயிறு நிறைந்திருந்தால் இடுப்பைத் தாழ்த்தி நிற்கவே முடியாது. அசாகுசாவில் வகுப்பு முடிந்து வெளியே வந்தால் பத்து நிமிட நடையில் சாப்பிட நூறு இடம் இருக்கும். 1801 முதல் நடக்கும் கொமகத்தா தொசேயு கடையில் தரையில் உட்கார்ந்து, நீளப் பலகையில் வைத்த சிறு அடுப்பில், ஆற்று மீனான தொஜோவை வெங்காயத்தாள் தூவிக் கொதிக்க வைத்துச் சாப்பிடலாம். அயிரை மீன் குழம்பு ருசித்த நாக்குக்கு இது பிடித்துப்போகும். மாவில் தோய்த்துப் பொரித்த தெம்புரா, சோபா நூடுல்ஸ், குடிக்கவும் கொறிக்கவும் போகும் இசகாயா எதுவும் சரிதான். இசகாயாவில் நீங்கள் கேட்காமலே ஒரு சின்னக் கிண்ணம் வரும். பெயர் ஒதோஷி. உட்கார்ந்ததற்கான கட்டணம் போல அது பில்லில் சேரும், அதற்குச் சண்டை போட வேண்டாம். குடிக்கடைகள் வரிசையாக இருக்கும் ஹோப்பி தெருவில் கொதித்துக்கொண்டிருக்கும் கெட்டிக் குழம்பு பெரும்பாலும் மாட்டின் தசைநார். மாட்டிறைச்சி தவிர்ப்பவர்கள் கேட்டுவிட்டு உட்காருங்கள்.

அசாகுசாவில் எனக்கு ஒரே ஒரு குறை. வகுப்பும் சாப்பாடும் பக்கத்துப் பக்கத்தில் கிடைக்கின்றன, ஆனால் ஒன்றுக்கொன்று தொடர்பில்லை. வகுப்பில் கூட நின்று அடித்தவர்கள் வாசலிலேயே பிரிந்து, ஆளுக்கொரு பக்கம் போய்விடுகிறார்கள்.

கியோட்டோ: சைவத்துக்காக

கியோட்டோவின் வகுப்பும் நன்றாகத்தான் இருந்தது. அசாகுசாவில் சொன்னதற்கு மேல் சொல்லப் பெரிதாக ஒன்றும் இல்லை. இந்த ஊர் இந்தப் பட்டியலில் இருப்பது சாப்பாட்டுக்காக.

ஜப்பானில் சைவர்களுக்குச் சிக்கல் கறித்துண்டில் இல்லை, சாற்றில் இருக்கிறது. தாஷி என்ற அடிப்படைச் சாறு இல்லாமல், சோயா விழுதில் செய்யும் மிசோ சூப் இல்லை, சோபா இல்லை, வேகவைத்த காய்கூட இல்லை. அந்தத் தாஷி பெரும்பாலும் காய்ந்த சூரை மீன் சீவலில் இறக்கியது. ஷோஜின் ரியோரி என்ற புத்த மடாலயச் சமையல் மட்டும் கொம்பு என்ற கடற்பாசியிலும் ஷிதாக்கே காளானிலும் சாறு எடுக்கிறது. அரஷியாமாவில் தென்ரியூ கோயில் வளாகத்துக்குள் இருக்கும் ஷிகெத்சு இதற்குப் பெயர்போன இடம். எள் தோபு, கோதுமைப் புரதத்தில் செய்த ஃபு, பருவத்துக் காய் என்று சிவப்பு அரக்குக் கிண்ணங்களில் வரும். சைவமான என் மனைவி ஜப்பானில் எதையும் கேட்காமல், எதையும் ஒதுக்காமல் முழுச் சாப்பாடு சாப்பிட்டது அங்கே மட்டும்தான். மதிய உணவு மட்டுமே தருகிறார்கள். அதனால் முரசு வகுப்பைக் காலையில் வைத்துக்கொண்டு, அப்புறம் அரஷியாமாவுக்கு ரயில் ஏறுங்கள்.

சாடோ: இரண்டு இரவு இருந்தால்

சாடோ போவது கொஞ்சம் மெனக்கெடும் வேலைதான். தோக்கியோவிலிருந்து கடலோர நகரமான நீகாட்டாவுக்கு ஷின்கான்சென் என்ற அதிவேக ரயிலில் சுமார் இரண்டு மணி நேரம், அதற்குப் 10,000 யென்னுக்குச் சற்று மேல் ஆகும். அங்கிருந்து தீவின் ரியோத்சு துறைமுகத்துக்குக் கார் ஏற்றும் கப்பலில் இரண்டரை மணி நேரம், ஜெட்ஃபாயில் என்ற வேகப் படகில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல். முரசு இருப்பதோ தீவின் தெற்கு முனையான ஒகியில். ரியோத்சுவில் இறங்கி மறுபடி ஒரு மணி நேரத்துக்கு மேல் சாலைப் பயணம். பஸ் குறைவு, வாடகைக் கார் நல்லது. குளிர்காலத்தில் கடல் கொந்தளித்தால் படகு ரத்தாகும், அந்த மாதங்களில் இதைத் திட்டமிட வேண்டாம்.

இவ்வளவு தூரம் போக என்ன காரணம்? உலகம் முழுக்க தைக்கோவைக் கொண்டுபோன கோடோ குழுவின் வீடு இந்தத் தீவு. 1981இல் பெர்லினில் முதல் மேடை ஏறியவர்கள் அவர்கள். அந்தப் பெயருக்கு இதயத்துடிப்பு என்று பொருள். எழுத்தை மாற்றினால் முரசின் பிள்ளைகள் என்றும் வரும். புதிதாகச் சேர்கிறவர்கள் இரண்டு வருடம் தீவிலேயே தங்கி, விடியலில் ஓடி, வயலில் நெல் நட்டு, தங்கள் குச்சியைத் தாங்களே செதுக்கிப் பழகுகிறார்கள். ஒகிக்குப் பக்கத்துக் குன்றில் தாதாகோகான் என்ற முரசு மையம் இருக்கிறது. முன்பதிவு செய்துவிட்டு யார் வேண்டுமானாலும் போய் அடிக்கலாம். தோக்கியோ வகுப்பைவிடக் கட்டணமும் குறைவு, ஆனால் பயணச் செலவைக் கூட்டினால் சாடோதான் விலை அதிகம்.

மரத்தால் ஆன கூடம், சுற்றிலும் மரங்கள், சத்தம் போய் முட்டுவதற்குப் பக்கத்து வீடு கிடையாது. ஒரே கெயாக்கி மரத்தைக் குடைந்த பெருமுரசு ஒன்றை இரண்டு பக்கமும் ஆள் நின்று அடிக்க விட்டார்கள். நானும் மனைவியும் எதிரெதிரே நின்றோம். நடுவில் முரசு இருப்பதால் ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாது. அவள் அடித்தது என் பக்கத்துத் தோலில் அதிர்ந்து வந்து, காற்றாக நெஞ்சில் பட்டது. என் அடிக்கு அவள் விடை சொன்னாள். அசாகுசாவில் தாளத்தை மனப்பாடம் செய்தேன், இங்கே ஒருவர் அடிப்பதைக் கேட்டு அடித்தேன்.

அன்று இரவு மின்ஷுக்குவில் தங்கினோம். வீட்டையே விடுதியாக நடத்துவதற்கு அந்தப் பெயர். சாப்பாடு ஆறு, ஆறரைக்கு வைத்துவிடுவார்கள், தாமதம் கூடாது. குளித்துவிட்டு வந்து உட்கார்ந்தால் கை இன்னும் நடுங்கியது, சாப்பிடும் குச்சியால் சோற்றைப் பிடிக்க முடியவில்லை. வீட்டம்மா பார்த்துவிட்டு, "தைக்கோவா?" என்று சிரித்துக் கரண்டி கொண்டுவந்தார். கணவாய், சுட்ட சசாயே சங்கு, பறவைக்கோலாச் சாற்றில் செய்த சூப், சாடோவில் விளைந்த கொஷிஹிகாரி அரிசிச் சோறு. சங்கை எடுத்த கடலும் அரிசி விளைந்த வயலும் அன்று பகலில் முரசுக்குப் போன வழியில் பார்த்தவை. பக்கத்து மேசையில் இருந்தவர்கள் மதியம் எங்களோடு முரசடித்தவர்கள். பத்து மணி வரை பேசிக்கொண்டிருந்தோம்.

குறையையும் சொல்ல வேண்டும். மனைவி சைவம் என்று முன்கூட்டியே எழுதியிருந்தோம். மீன் துண்டை மட்டும் எடுத்துவிட்டு, அதே மீன் சாற்றில் வெந்த காயை வைத்தார்கள். அவர்கள் கணக்கில் அது சைவம்தான். அவள் சோறும் ஊறுகாயும் இகோநெரியுமாக முடித்துக்கொண்டாள். இகோநெரி என்பது கடற்பாசியைக் காய்ச்சி மெல்லிய தகடாக உறைய வைத்து, சுருட்டி, நாடா போல நறுக்கியது. அதை அவள் இரண்டு தட்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள். சைவர்கள் முன்பதிவில் "மீன் வேண்டாம்" என்று எழுதினால் போதாது, "மீன் தாஷியும் வேண்டாம்" என்று தனியாக எழுதுங்கள். உடனடி மிசோவிலும் மீன் சேர்த்திருப்பார்கள், அதனால் கைவசம் கொஞ்சம் பருப்புப்பொடி வைத்துக்கொள்ளலாம்.

ஆகஸ்டில் கோடோ நடத்தும் எர்த் செலிப்ரேஷன் விழா நேரத்தில் ஒகியில் அறை கிடைப்பது கடினம். கச்சேரி பார்க்க அதுதான் நேரம். நிதானமாகக் கற்றுக்கொள்ளவும் வீட்டுச் சாப்பாட்டுக்கும் மே, ஜூன், செப்டம்பர் நல்லது. பதிவு செய்யும்போது முரசுக்கு முதலில் நேரம் வாங்குங்கள், அடுத்தது மின்ஷுக்கு, கடைசியில் படகு. நாங்கள் படகை முதலில் எடுத்துவிட்டு, முரசு வகுப்பு இல்லாத நாளில் போய் இறங்கி, ஒரு பகல் முழுக்க ஒகி துறைமுகத்தில் தொட்டிப் படகுகளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.