மல்லச்சந்திரம் கற்திட்டைச் சுற்றுலா: ஒரு மதிப்பீடு

கிருஷ்ணகிரியிலிருந்து மல்லச்சந்திரத்துக்கு அழைத்துச் செல்லும் இந்தச் சுற்றுலாவின் வழிகாட்டி, கற்திட்டைகளின் (பலகைக் கற்களை நிறுத்தி, மேலே மூடுகல் வைத்து எழுப்பிய பழங்கால ஈமச் சின்னங்கள்) நீள அகலங்களோடு நிறுத்தாமல், அவற்றைப் பற்றிய ஆய்வாளர்களின் பார்வை எவ்வாறு மாறியது என்பதையும் பொறுமையாக விளக்குகிறார். 1947இல் கர்நாடகத்தின் பிரம்மகிரியில் அகழ்ந்த பிரிட்டானியத் தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர், இத்தகைய ஈமச் சின்னங்களை எழுப்பிய பெருங்கற்காலப் பண்பாட்டைப் புதிதாக வந்து சேர்ந்த மக்களோடு இணைத்தார். 1960களில் அமெரிக்கத் தொல்லியலாளர் லூயிஸ் பின்ஃபோர்டு, பண்பாட்டு மாற்றத்துக்குப் புதிய மக்களின் வருகையைக் காரணம் காட்டும் கதைகளை விடுத்துச் சூழலிலும் வாழ்முறையிலும் காரணங்களைத் தேடச் சொன்னார். 1980களில் பிரிட்டானியத் தொல்லியலாளர் இயன் ஹாடர் முதலியோர், பழங்கால மக்களைப் பற்றிப் பேசுகையில், அந்த மக்கள் தம் பொருள்களுக்கு அளித்த அர்த்தத்தை ஒதுக்கிவிட்டு அவர்களை அறிய இயலாது என்று மறுத்தனர். பலகைக் கல்லில் குடைந்த வட்டத் துளையின் எதிரே நின்று, அது எலும்புகளை இடுவதற்கான திறப்பா, சடங்கின் பாற்பட்ட வாயிலா என்று கேட்கும்போது இந்த விவாதம் கண்முன் விரிகிறது (என் சாய்வு ஹாடர் பக்கம்தான்). ஆனால் இதே மாவட்டத்து மயிலாடும்பாறையில் இரும்பின் காலம் கி.மு. 2172 வரை சென்றதையும், அதனால், இரும்பைப் பயன்படுத்திய பெருங்கற்காலத்தை மிகப் பிந்தையதாக வைத்த வீலரின் காலவரையறை மேலும் ஆட்டங்கண்டதையும் வழிகாட்டி ஒரே மூச்சில் கடந்துவிட்டது பெருங்குறை. பாறையில் நிழல் இல்லை. காலை நேரப் பயணத்தையே பதிவு செய்யவும்.